பத்துப் பேர்ச் வளவும் எண்ணூறு கோடிப் பேரும்

மட்டக்களப்பு வாவிக்கரை ஊரான களுவாஞ்சிகுடியிலிருந்து ஒரு தம்பி கேட்டிருக்கிறார்: “உலக சனத்தொகை 800 கோடியைத் தாண்டிவிட்டது என்கிறார்கள். எங்கள் கிணற்றுத் தண்ணீரைக் குடிக்க வேண்டாம் என்று பரிசோதித்தவர்கள் சொல்லிவிட்டார்கள். வாவியில் மீன் குறைந்துவிட்டது. வீடு கட்ட ஒரு கியூப் மணல் வாங்க முடியவில்லை. எல்லாவற்றுக்கும் சனம் பெருகியதுதான் காரணம் என்று அப்பா சொல்கிறார். உண்மையா? பிள்ளை பெறுவதைக் குறைத்தால் எல்லாம் சரியாகிவிடுமா?”

தம்பி, உங்கள் அப்பா சொல்வதில் கிணற்றைப் பொறுத்தவரை பாதி உண்மை இருக்கிறது. மணலைப் பொறுத்தவரை கால்வாசிகூட இல்லை. உயர்தர வகுப்புக்கு முப்பது ஆண்டுகள் புவியியல் படிப்பித்தவன் என்ற முறையில் சொல்கிறேன்: இந்த மூன்றையும் ஒரே மூடையில் கட்டினால் மூன்றுக்கும் பரிகாரம் கிடைக்காது. அவிழ்த்துத் தனித்தனியாகப் பார்ப்போம்.

முதலில் உலகக் கணக்கு. மனிதர்கள் நூறு கோடியானது ஏறத்தாழ 1804இல். இருநூறு கோடியாவதற்கு 1927 வரை, அதாவது நூற்றிருபது ஆண்டுகளுக்கு மேல் பிடித்தது. அதன்பின் வேகம் கூடியது: 1960இல் முந்நூறு கோடி, 1974இல் நானூறு, 1987இல் ஐந்நூறு. 2022 நவம்பர் 15ஆம் திகதியை எண்ணூறு கோடியாவது குழந்தை பிறந்த நாளாக ஐ.நா. குறித்தது. இந்த எண்களை மட்டும் பார்த்தால் எவருக்கும் பயம் வரும். ஆனால் வளர்ச்சி வேகம் 1960களின் பிற்பகுதியிலேயே உச்சியைத் தொட்டுவிட்டது. அப்போது ஆண்டுக்கு 2 சதவீதத்துக்கு மேல் கூடியது. இப்போது 1 சதவீதத்துக்கும் குறைவு. ஒரு பெண்ணுக்குச் சராசரியாக ஐந்து பிள்ளைகள் இருந்த உலகம் இன்று இரண்டே காலுக்கு வந்திருக்கிறது. 2080களின் நடுவில் ஏறத்தாழ 1,030 கோடியைத் தொட்டு, பிறகு மெல்ல இறங்கும் என்பது ஐ.நா. 2024இல் வெளியிட்ட கணிப்பு.

பிறப்பு குறைந்த பிறகும் ஏன் கூடுகிறது என்று கேட்பீர்கள். மாரியில் குளம் பார்த்திருப்பீர்கள். மழை விட்டு இரண்டு நாள் ஆன பிறகும் காட்டு ஓடைகளிலிருந்து தண்ணீர் வந்து வான் பாய்ந்துகொண்டே இருக்கும். முன்பு பிறந்த பெண்பிள்ளைகள் இன்று தாய்மார். ஆளுக்கு இரண்டு பெற்றாலும் தாய்மாரின் தொகை பெரிது. ஓடைத் தண்ணீர் வடியும்வரை குளமட்டம் ஏறத்தான் செய்யும்.

எங்கள் நாட்டில் மழை எப்போதோ விட்டுவிட்டது. இலங்கையில் சனத்தொகை விரைவாகக் கூடியதற்குக் காரணம் அதிகம் பெற்றது அல்ல, பெற்றது தங்கியது. 1940களின் பிற்பகுதியில் மலேரியா கட்டுப்படுத்தப்பட்டபோது மரண வீதம் சட்டென்று விழுந்தது. எனது அம்மம்மா ஒன்பது பெற்றார், ஐந்து தங்கியது. அம்மா ஆறு பெற்றார், ஆறும் தங்கியது. எனக்கு இரண்டு. இலவசக் கல்வியும், சைக்கிளில் வீடு வீடாக வந்த மருத்துவ மாதும் செய்த வேலை அது. எங்கள் வீட்டில் எவரும் எவரையும் வற்புறுத்தவில்லை. நாடு முழுவதும் 2013இல் பிறந்த குழந்தைகள் சுமார் 3 இலட்சத்து 65 ஆயிரம். 2023இல் சுமார் 2 இலட்சத்து 48 ஆயிரம். பத்தே ஆண்டுகளில் பிறப்பு மூன்றில் ஒரு பங்கு குறைந்துவிட்டது. கிணறு மட்டும் முன்பைவிட மோசம். அப்படியானால் காரணத்தைப் பிரசவ விடுதியில் மட்டும் தேடுவது பிழை.

இந்த இடத்தில் ஒன்றை ஒளிக்காமல் சொல்ல வேண்டும். மட்டக்களப்பிலும் அம்பாறையிலும் ‘சனம் பெருகிவிட்டது’ என்று ஒருவர் சொன்னால், பல வேளைகளில் அடுத்த ஊர்ச் சனத்தைத்தான் சொல்கிறார். தமிழர் முஸ்லிம்களை, முஸ்லிம்கள் தமிழரை, இருவரும் சிங்களவரை, அவர்கள் இவர்களை. எல்லாச் சமூகத்திலும் இரண்டு தலைமுறைகளுக்குள் பிள்ளைகளின் எண்ணிக்கை குறைந்திருக்கிறது. ஒரே மணலுக்குக் கீழே ஒரே நிலத்தடி நீர்தான் இருக்கிறது. காத்தான்குடிக் கிணற்றுக்கும் ஆரையம்பதிக் கிணற்றுக்கும் நடுவே நிலத்துக்கு அடியில் மதில் இல்லை. அயலானின் பிள்ளைகளை எண்ணிக்கொண்டிருக்கும் நேரத்தில் இரு பக்கத்தாருடைய கிணறுகளும் சேர்ந்தே கெடுகின்றன. இதை எந்த மேடையிலும் சொல்வேன்.

இனி கிணறு. வாவிக்குக் கிழக்கே உள்ள எங்கள் எழுவான்கரை முழுவதும் ஒரு பக்கம் கடலும் மறுபக்கம் வாவியும் நெருக்கும் மணல் நாடா. அந்த மணலுக்குள் மழை நீர் இறங்கி, உவர்நீரின் மேல் ஒரு வில்லை போல மிதக்கிறது. நன்னீர் இலேசானது, அதனால் மேலே நிற்கிறது. கடல் மட்டத்துக்கு மேல் ஒரு அடி நன்னீர் நின்றால் கீழே ஏறத்தாழ நாற்பது அடி ஆழம் வரை நன்னீர் இருக்கும். இதையே திருப்பிப் பாருங்கள்: நீர்மட்டத்தை ஒரு அடி இறக்கி அப்படியே வைத்திருந்தால், அடியிலிருந்து உவர்நீர் நாற்பது அடி மேலே ஏறி வரும். வாளியால் அள்ளிய காலத்தில் எவராலும் ஒரு அடி இறக்க முடியவில்லை. மோட்டார் பூட்டி 1,000 லீற்றர்த் தொட்டியை நாளுக்கு இரு தடவை நிரப்பும்போது முடிகிறது.

2004 டிசம்பர் 26இல் ஆழிப்பேரலை வந்து போன பிறகு இதைக் கண்ணால் கண்டேன். கல்லாற்றில் அக்காவின் கிணற்றுக்குள் கடல்நீரும் சேறும் நிறைந்து கிடந்தது. உதவ வந்த பிள்ளைகள் நல்ல மனதோடு பம்பி வைத்து இறைத்தார்கள். முதல் நாள் உப்பு, மூன்றாம் நாள் அதைவிட உப்பு. கிணற்றுக் கட்டில் வெள்ளைப் படலம் காய்ந்து ஒட்டியது. “இறைக்க இறைக்கக் கடலைத்தானடா கூப்பிடுகிறீர்கள்” என்று நான் சொன்னபோது எவரும் நம்பவில்லை. மட்டக்களப்புக் கரையோரத்தில் பின்னர் நடந்த ஆய்வுகளும் இதையே காட்டின: அந்தக் கிணறுகளை மீட்டது பம்பி அல்ல, மாரி மழை. அடுத்தடுத்த மாரிகள் உப்பைக் கீழே தள்ளின. அக்கா மீண்டும் அந்தத் தண்ணீரில் தேநீர் வைத்த நாளில் எங்களுக்கெல்லாம் ஆள் அனுப்பிக் கூப்பிட்டுக் கொடுத்தார்.

ஆனால் உங்கள் கிணற்றில் உள்ளது அநேகமாக உப்பு அல்ல, நைத்திரேற்று. அதற்குத்தான் இந்தப் பேர்ச்சுக் கணக்கு.

எங்கள் வழக்கத்தில் வளவு பெண்பிள்ளைகளுக்குப் போகும். தமிழரிலும் முஸ்லிம்களிலும் அப்படித்தான்: பெண்ணுக்கு ஒரு துண்டு நிலம், அதில் ஒரு வீடு. அம்மம்மாவின் வளவு அரை ஏக்கர், அதாவது 80 பேர்ச். அதில் ஒரு வீடு, எட்டுப் பேர், ஒரு கிணறு, மூலையில் தென்னைகளுக்கு அப்பால் ஒரு மலசலகூடக் குழி. நான்கு பெண்கள் இருந்தார்கள். ஆளுக்கு 20 பேர்ச். அவர்களுக்கு இரண்டிரண்டு பெண்கள். ஆளுக்கு 10 பேர்ச். இப்போது அதே வளவில் எட்டு வீடுகள், வீட்டுக்கு நான்கு பேராக முப்பத்திரண்டு பேர். ஆட்கள் நான்கு மடங்கு. கிணறுகள் எட்டு, குழிகள் எட்டு. கிணற்றுக்கும் குழிக்கும் குறைந்தது ஐம்பது அடி இருக்க வேண்டும் என்று கட்டட அனுமதிக்குப் போனால் சொல்வார்கள். 10 பேர்ச் என்பது சுமார் 2,700 சதுர அடி. சதுரமாக எடுத்தால் ஒரு பக்கம் 52 அடி. உங்கள் குழியிலிருந்து உங்கள் கிணற்றை ஐம்பது அடி தள்ளினால், அது பக்கத்து வீட்டுக் குழியின் அருகே போய் நிற்கும். எந்த மேசனாலும் இந்த வளவுக்குள் இதைத் தீர்க்க முடியாது.

குழியில் சேரும் கழிவிலுள்ள நைதரசனை மண் நுண்ணுயிர்கள் நைத்திரேற்றாக மாற்றுகின்றன. களிமண் நிலமென்றால் கழிவுநீர் மெதுவாகத்தான் கீழே இறங்கும். மணலில் வடிகட்டியில் ஊற்றிய தேநீர் போல நேராக இறங்கிவிடும். உலக சுகாதார நிறுவனம் குடிநீரில் அனுமதிக்கும் அளவு லீற்றருக்கு 50 மில்லிகிராம். அதற்கு மேலே போனால் ஆறு மாதத்துக்கு உட்பட்ட குழந்தைகளுக்கு இரத்தம் ஒட்சிசனைச் சுமக்கும் ஆற்றல் குறையலாம். முக்கியமானது: கொதிக்க வைத்தால் நைத்திரேற்று போகாது. தண்ணீர் ஆவியாக, எஞ்சியதில் அது செறிவடையும். “சுட வைத்துத்தானே குடிக்கிறோம்” என்று சொல்லும் ஒவ்வொரு தாய்க்கும் இதைச் சொல்லுங்கள்.

ஆக, உங்கள் அப்பா சொன்ன பாதி உண்மை இங்கே இருக்கிறது. ஒடுங்கிய மணல் நாடாவில் ஆட்கள் கூடியது கிணற்றை நெருக்கியது உண்மை. மற்றப் பாதி: ஆட்கள் நான்கு மடங்கானபோது குழிகள் எட்டு மடங்காயின, இறைப்பு அதைவிடக் கூடியது. இனி பிறப்பு இன்னும் குறைந்தாலும் குடும்பங்கள் சிறுத்து வீடுகள் கூடிக்கொண்டுதான் போகும்.

குழாய் நீர் வந்தது பெரிய ஆறுதல். மட்டக்களப்புக்கு உன்னிச்சைக் குளத்து நீரை வவுணதீவில் சுத்திகரித்துக் கொண்டு வருகிறார்கள். அம்பாறைக் கரையோரத்துக்குக் கொண்டவட்டுவானிலிருந்து வருகிறது. ஆனால் உன்னிச்சைத் தண்ணீர், வாவிக்கு மேற்கே உள்ள படுவான்கரையின் வயல் தண்ணீரும்தான். மழை பிந்திய ஆண்டில், சிறுபோகத்துக்கு எத்தனை ஏக்கர் விதைப்பது என்று கூட்டத்தில் விவசாயிகள் வாதாடும்போது, நகரத்தின் குழாயும் கண்ணுக்குத் தெரியாமல் அந்தக் கூட்டத்தில் உட்கார்ந்திருக்கிறது. உலகம் முழுவதும் எடுக்கப்படும் நன்னீரில் ஏறத்தாழ 70 சதவீதம் வேளாண்மைக்கே போகிறது.

சோறு பற்றிச் சொல்லாமல் சனத்தொகை பற்றிப் பேச முடியாது. 1798இல் மால்தஸ் என்ற ஆங்கிலேயர், சனம் பெருகும் வேகத்துக்கு உணவு ஈடுகொடுக்காது, பஞ்சமும் நோயுமே கணக்கைச் சரிசெய்யும் என்று எழுதினார். அவர் அறியாதது, காற்றிலுள்ள நைதரசனைப் பசளையாக்கும் வழி. 1909இல் ஜேர்மன் வேதியியலாளர் ஹேபர் அதை ஆய்வுகூடத்தில் செய்து காட்டினார்; 1913இல் பொஷ் அதைத் தொழிற்சாலையாக்கினார். இன்று உலகத்தார் உண்ணும் உணவில் ஏறத்தாழப் பாதி அந்தச் செயற்கை நைதரசனில் விளைகிறது. எங்கள் பக்கமும் அப்படியே. 1949இல் கல்ஓயாத் திட்டம் தொடங்கி, பட்டிப்பளை ஆற்றை இங்கினியாகலையில் மறித்துச் சேனாநாயக்க சமுத்திரம் எழுந்தது; காடு வயலானது. 1950களின் பிற்பகுதியில் எச்-4 என்ற புதிய நெல் இனம் வந்தது. அந்தக் காலத்தில் ஹெக்டேருக்கு ஒன்றரை டன் அளவில் இருந்த விளைச்சல் இன்று நான்கு டன்னுக்கு மேல்.

அந்தப் பசளைக்கு நாம் எவ்வளவு கடன்பட்டிருக்கிறோம் என்பதை 2021இல் பார்த்தோம். மே மாதம் இரசாயனப் பசளை இறக்குமதி நிறுத்தப்பட்டது. நவம்பரில் தடை நீங்கியது, பெரும்போகத்துக்கு அது பிந்திவிட்டது. படுவான்கரையில் மைத்துனரின் வயலுக்கு அந்த மாரியில் போனேன். ஐம்பது நாள் பயிர் கிளிப்பச்சையாக நிற்க வேண்டிய நேரம். பழைய ஓலைப்பாய் நிறத்தில் நின்றது. ஒரு நெல் தூரைப் பிடுங்கிக் கிளை எண்ணினார்: பதினைந்து இருக்க வேண்டிய இடத்தில் ஆறு. எண்ணிவிட்டு, பிடுங்கியதைத் திரும்ப சேற்றில் ஊன்றினார். அறுவடையில் ஏக்கருக்கு முந்திய ஆண்டின் பாதிதான் வந்தது. அந்த வயல் நெல்லைச் சாப்பிட்ட குடும்பங்களின் எண்ணிக்கை ஒன்றும் ஒரே போகத்தில் இரட்டிக்கவில்லை. சனத்தொகையும் வளமும் எவ்வளவு மெல்லிய இழையால் கட்டப்பட்டிருக்கின்றன என்பதற்கு இதைவிட வேறு பாடம் எனக்குக் கிடைக்கவில்லை. அதே பசளை அளவுக்கு மிஞ்சினால் வாய்க்கால் வழியே வாவிக்கு இறங்கி ஆற்றுவாழையை வளர்க்கிறது. கூடினாலும் கேடு, இல்லாவிட்டாலும் கேடு. மண் பரிசோதித்து அளந்து போடுவதே வழி.

மணலுக்கு வருகிறேன். 1970இல் மனிதர் பூமியிலிருந்து தோண்டியும் வெட்டியும் எடுத்த பொருள்கள் எல்லாம் சேர்த்து 3,000 கோடி டன். இப்போது 10,600 கோடி டன் அளவில் நிற்கிறது. அதே காலத்தில் சனத்தொகை 370 கோடியிலிருந்து 810 கோடியானது. ஆட்கள் இரண்டு மடங்கு சொச்சம், எடுப்பது மூன்றரை மடங்கு. அந்த மேலதிகம் தொட்டிலில் பிறந்தது அல்ல. மணலும் சரளையும் மட்டும் ஆண்டுக்கு 5,000 கோடி டன். முந்தானையாற்றிலோ மாதுறு ஓயாவிலோ டிப்பர் வரிசை நிற்பதைப் பார்க்கிறீர்கள் அல்லவா, அது அவ்வூர்ப் பிள்ளைகளுக்குக் குடிசை கட்டப் போகிற மணல் அல்ல. ஆற்றுப் படுக்கை தாழ்ந்தால் கரையிலுள்ள கிணறுகளின் நீர்மட்டமும் கூடவே தாழும். ஆற்றுவாயிலிருந்து உவர்நீர் மேலேறும். பத்துப் பிள்ளை பெற்ற ஏழைத் தாயைவிட, இரண்டு பிள்ளையோடு மூன்று மாடி கட்டுகிறவர் ஆற்றுக்குப் பாரம்.

உலக அளவிலும் அதே நியாயம்தான். ஒரு இலங்கையர் ஆண்டுக்கு வெளிவிடும் காபனீரொட்சைட்டு ஒரு டன் அளவு. ஒரு அமெரிக்கர் பதினான்கு டன்னுக்குக் குறையாது. கடல் மட்டம் ஏறும்போது முதலில் உவர்ப்பது எங்கள் மணல் நாடா. அம்பாறையில் பள்ளக்காட்டுக் குப்பைமேட்டில் எட்டு ஆண்டுகளில் இருபது யானைகள் அளவில் செத்தன என்ற செய்தி 2022இல் வந்தது. வயிற்றுக்குள் பொலித்தீன் பைகள். எண்ணிக்கையில் குறைந்துகொண்டு போகும் உயிர், பெருகிய எங்கள் பைகளைத் தின்று சாகிறது.

வாவி மீனைச் சுருக்கமாகச் சொல்கிறேன். கரையோரக் கண்டல் மரங்கள் அழிந்தது, தடைசெய்த தங்கூசி (நைலோன் இழை) வலை, வயலிலிருந்து வரும் களைநாசினி, வெள்ளத்தில் வாவி கடலோடு சேரும் முகத்துவாரத்தை எப்போது வெட்டுவது என்ற இழுபறி. வெட்டச் சொல்வது விவசாயி, பொறுக்கச் சொல்வது மீனவர். இருவருக்கும் நியாயம் உண்டு. இதில் சனத்தொகையின் பங்கு கடைசி வரிசையில்தான்.

நம்பிக்கை எங்கிருந்து வருகிறது என்று கேட்டால் கல்ஓயா இடதுகரையைக் காட்டுவேன். 1970களின் முடிவில் அந்தத் திட்டம் நாட்டிலேயே மிக மோசமாக நிர்வகிக்கப்பட்ட ஒன்று என்று பெயரெடுத்திருந்தது. மேல்மடையில் தண்ணீர் வீணாக ஓடும். கடைமடைக்குச் சொட்டும் வராது. மேல்மடையில் சிங்கள விவசாயிகள், கடைமடையில் தமிழ் பேசும் விவசாயிகள். 1981இல் இளம் பட்டதாரிகள் கிராமங்களில் தங்கி, ஒவ்வொரு கிளைவாய்க்காலிலும் விவசாயிகளைச் சேர்த்துப் பேசவைத்தார்கள். சமுத்திரத்தில் தண்ணீர் மிகக் குறைந்திருந்த சிறுபோகம் அது. விவசாயிகள் ஆண்டுக்கணக்கில் தூர்ந்து கிடந்த வாய்க்கால்களைச் சிரமதானத்தில் வெட்டினார்கள், முறை வைத்துத் தண்ணீர் எடுத்தார்கள், மிச்சத்தைக் கடைமடைக்கு விட்டார்கள். அதே குளம், அதே சனம், கூடுதல் வயல். பொது வளத்தை மக்கள் தாமே காக்க முடியும் என்று காட்டி 2009இல் நோபல் பரிசு பெற்ற எலினோர் ஒஸ்ட்ரமும் கல்ஓயாவை எடுத்துக்காட்டினார். எங்கள் பிள்ளைகளில் எத்தனை பேருக்கு இது தெரியும்? என் மாணவருக்கே பிந்தித்தான் சொன்னேன். அது எனக்குக் கவலை.

எனவே, பிள்ளை பெறுவதைக் குறைத்தால் சரியாகுமா என்ற உங்கள் கேள்விக்கு: குறைந்தாயிற்று, சரியாகவில்லை. பெண்பிள்ளைகளின் படிப்பும் தாய்மாரின் விருப்பமும் அந்த எண்ணிக்கையைப் பார்த்துக்கொள்ளும். எங்கள் கையில் இருப்பது குழி, பம்பி, பசளை, மணல்.

உங்கள் கிணற்றுக்கு உடனே செய்யக்கூடியவை சில. குடிக்கவும் குழந்தைப் பால்மா கரைக்கவும் குழாய் நீரை எடுங்கள். குளிக்க, துவைக்க, மரத்துக்கு ஊற்றக் கிணறு போதும். முற்றத்துக்குச் சீமெந்து போடாதீர்கள். மாரி மழை இறங்க மணல் திறந்திருக்க வேண்டும். கூரைத் தண்ணீரைத் தெருவுக்கு விடாமல் வளவுக்குள் இறக்குங்கள். புதுக் குழி வெட்டுவதென்றால் அடி திறந்த குழி வேண்டாம், அடைத்த தொட்டி கட்டி பவுசர் வைத்து எடுப்பியுங்கள். இதை நீங்கள் ஒரு வீட்டார் மட்டும் செய்து பயனில்லை. ஒழுங்கையில் உள்ள எட்டு வீட்டாரும் ஒரு மாலை உட்கார வேண்டும். கல்ஓயாவில் ஒரு கிளைவாய்க்காலுக்கு உட்கார்ந்தது போல.

அதற்கு முன் ஒரு வேலை செய்யுங்கள். ஒரு தாளில் உங்கள் வளவையும் சுற்றியுள்ள வளவுகளையும் கீறுங்கள். கிணறு எங்கே, குழி எங்கே, பக்கத்து வீட்டுக் குழி எங்கே என்று நாடா பிடித்து அடிக்கணக்கில் குறியுங்கள். நீர்ப் பரிசோதனை அறிக்கையில் நைத்திரேற்றுக்கு எதிரே உள்ள எண்ணையும் அந்தத் தாளின் மூலையில் எழுதி அனுப்புங்கள். எந்தக் குழியை முதலில் மூட வேண்டும் என்று பார்த்துச் சொல்கிறேன்.